கறுப்பு மணலின் பெயர்கள்

அரிசி அரிக்கத் தெரிந்தவருக்குப் புல்மோட்டைக் கடற்கரையை விளக்குவது எளிது. அரிக்கன்சட்டியைச் சுழற்றச் சுழற்ற அரிசி தண்ணீரோடு எழுந்து மறுபாத்திரத்துக்குப் போய்விடும். கல் மட்டும் அடியில், சட்டியின் வரிகளுக்குள் தங்கிவிடும். கல் பாரம், அவ்வளவுதான் சூட்சுமம். திருகோணமலையிலிருந்து வடக்கே 50 கிலோமீற்றருக்குச் சற்று அப்பால் உள்ள இந்தக் கரையில், வாடைக்காலத்துக் கடல் இதே வேலையைப் பல்லாயிரம் ஆண்டுகளாகச் செய்துவருகிறது. உள்நாட்டுப் பாறைகள் வெயிலிலும் மழையிலும் உதிர்ந்து, ஆற்றோடு இறங்கிக் கடலுக்கு வருகின்றன. அலை அதைக் கரையில் ஏற்றுகிறது. வடியும்போது இலேசான வெண்மணலை இழுத்துக்கொண்டு போகிறது, பாரமானதை விட்டுவிடுகிறது. வெண்மணல் தண்ணீரைப் போல 2.65 மடங்கு எடை. கறுப்பு மணல் ஏறக்குறைய 4.7 மடங்கு. அப்படி மிஞ்சிய கறுப்புத்தான் கனிய மணல். அதில் 70 வீதமளவு இல்மனைட். ரூட்டைலும் சிர்கோனும் ஒவ்வொன்றும் ஏறக்குறைய 8 வீதம். 1957இல் இதற்காகவே ஒரு கூட்டுத்தாபனம் அமைத்தார்கள்.

இல்மனைட் என்ற சொல் புல்மோட்டையில் படித்தவர் படிக்காதவர் எல்லோர் வாயிலும் வரும். அதன் முன்பாதி ரஷ்யாவின் யூரல் மலைத்தொடரில் உள்ள இல்மன் மலைகளின் பெயர். பின்னால் ஒட்டியிருக்கும் 'ஐட்' கிரேக்கம். 'இன்னதைச் சேர்ந்த கல்' என்று சொல்லப் பழைய கிரேக்கர் சேர்த்த விகுதி அது. ரூட்டைல் லத்தீன்: ரூட்டிலுஸ் என்றால் செந்நிறம். சிர்கோன் இரண்டும் இல்லை; பொன்னிறம் என்ற பொருளுடைய பாரசீகச் சொல்லிலிருந்து வந்தது என்பார்கள். மணலைப் பிரிக்கும் ஆலைக்குள் போனாலும் கிரேக்கம் விடாது. இல்மனைட்டைக் காந்தம் பிடித்துக்கொள்ளும். மிஞ்சியதில் ரூட்டைல் மின்சாரத்தைக் கடத்தும், சிர்கோன் கடத்தாது; அந்த வேறுபாட்டை வைத்து இரண்டையும் பிரிக்கிறார்கள். காந்தத்துக்கு ஆங்கிலத்தில் வழங்கும் 'மேக்னெட்', மக்னீசியா என்ற கிரேக்க நிலப்பகுதியின் பெயர். 'எலக்ட்ரிக்' வந்தது எலெக்த்ரோன் என்ற சொல்லிலிருந்து. மரப்பிசின் இறுகிக் கல்லான பொருளுக்கு அந்தப் பெயர். அதைத் தேய்த்தால் துரும்பை இழுக்கும் என்று பழைய கிரேக்கர் கண்டிருந்தார்கள்.

எல்லாவற்றிலும் சுவையான கதை மணலுக்குள் ஒளிந்திருக்கும் உலோகத்துடையது. 1791இல் இங்கிலாந்தின் கோர்ன்வால் பகுதியில் வில்லியம் கிரெகர் என்ற பாதிரியார், மனக்கன் என்னும் ஊரின் ஓடையில் கிடந்த கறுப்பு மணலைக் காந்தத்தால் பிடித்துச் சோதித்தார். அதுவும் நம் இல்மனைட்தான். அதற்குள் புதிய உலோகம் ஒன்று இருப்பதைக் கண்டு, ஊர்ப் பெயரையே அதற்கு வைத்தார். அந்தப் பெயர் நிலைக்கவில்லை. 1795இல் ஜெர்மன் வேதியியலாளர் மார்ட்டின் கிளாப்ரோத் ரூட்டைலில் அதே உலோகத்தைத் தானாகக் கண்டுபிடித்து 'டைட்டேனியம்' என்றார். டைட்டன்கள் கிரேக்கக் கதைகளில் பூமித்தாய் கையாவும் வானத்தகப்பன் ஊரனோஸும் பெற்ற பிள்ளைகள். கிளாப்ரோத் சொன்ன காரணம் எனக்கு மிகவும் பிடித்தது. ஒரு பொருளின் குணம் முழுதாகத் தெரியாதபோது குணத்தை வைத்துப் பெயர் சூட்டினால் அது பின்னால் வருபவரைத் தவறான வழியில் இழுக்கும். ஆகவே எதையும் சொல்லாத ஒரு புராணப் பெயரே நல்லது என்றார்.

அவரே 1789இல் இன்னொரு தனிமத்துக்கு யுரேனியம் என்று பெயரிட்டிருந்தார். எட்டு ஆண்டுகளுக்கு முன் கண்டுபிடிக்கப்பட்ட யுரேனஸ் கோளை நினைத்து வைத்த பெயர் அது. அந்தக் கோளின் பெயரோ ஊரனோஸ். அதே 1789இல் சிர்கோனியத்தையும் கண்டறிந்தார். அவர் மேசையில் இருந்த சிர்கோன் கல் இலங்கையிலிருந்து போனது! சிர்கோன் மணிக்குள் யுரேனியம் துளித்துளியாகச் சிறைப்பட்டிருக்கும். அது சீரான வேகத்தில் ஈயமாக மாறுவதை அளந்துதான் மிகப் பழைய பாறைகளின் வயதைக் கணக்கிடுகிறார்கள். அவுஸ்திரேலியாவின் ஜாக் மலைகளில் கிடைத்த சிர்கோன் 440 கோடி ஆண்டு பழையது. ஆக, புல்மோட்டையில் ஒரு கைப்பிடி மணலை அள்ளினால் அதற்குள் தகப்பனும் இருக்கிறார், பிள்ளைகளும் இருக்கிறார்கள். கதையில் அவர்கள் ஒருவருக்கொருவர் பகைவர்கள். இங்கே ஒரு சாக்குக்குள் அமைதியாகக் கிடந்து கப்பல் ஏறுகிறார்கள்.

கிரேக்கமும் லத்தீனும் இலங்கையில் படிக்கக் கிடைக்காத பாடங்கள் அல்ல. உயர்தரப் பரீட்சையின் பாடப்பட்டியலில் இந்து நாகரிகம், இஸ்லாமிய நாகரிகம் என்பவற்றோடு 'கிரேக்க உரோம நாகரிகம்' என்றும் ஒரு வரி உண்டு. பெரும்பாலானோர் கண் அதைத் தாண்டிப் போய்விடும். 1942இல் தொடங்கிய இலங்கைப் பல்கலைக்கழகம் 1952இல் பேராதனைக்குப் பெயர்ந்தபோது மேலைச் செந்நெறிப் படிப்பும் மலையேறியது. மெர்லின் பீரிஸ், டீ. பி. எம். வீரக்கொடி ஆகிய பேராசிரியர்கள் அங்கே கற்பித்தார்கள். கிரேக்க, உரோம நூல்களில் இலங்கையைப் பற்றி வரும் குறிப்புகளையெல்லாம் ஆராய்ந்து வீரக்கொடி எழுதிய 'தப்ரபேனே' 1997இல் வெளிவந்தது. தப்ரபேனே என்பது இந்தத் தீவுக்குக் கிரேக்கர் வைத்திருந்த பெயர். தாமிரபரணியின் உறவு.

அப்படிச் சொன்னதும் நமக்கு ஓர் ஆசை வந்துவிடும். கிரேக்கத்தில் எங்கெல்லாம் தமிழ் இருக்கிறது என்று தேடும் ஆசை. அங்கேதான் இந்தப் படிப்பு நம் கையைப் பிடித்து நிறுத்தும்.

புல்மோட்டைக்குப் பக்கத்திலேயே அரிசிமலை இருக்கிறது. கரை மணல் அரிசிமணி போல உருண்டு கிடப்பதால் அந்தப் பெயர். அரிசிக்குக் கிரேக்கத்தில் 'ஒருஸா'. தமிழிலிருந்து போன சொல் என்று கால்டுவெல்லே எழுதினார். நம் மேடைகளில் இன்றைக்கும் கைதட்டு வாங்கும் செய்தி அது. ஆனால் கிரேக்கர் அரிசியைத் தெரிந்துகொண்டது எந்த வழியில் என்று முதலில் கேட்கவேண்டும். அலெக்சாந்தரின் படை பாரசீகத்தையும் சிந்துவெளியையும் கடந்து போன பிறகே தியோபிராஸ்டஸ் என்ற கிரேக்கரின் தாவர நூலில் நெற்பயிரின் விவரம் வருகிறது. அந்த நிலங்களில் அரிசிக்கு 'வ'கரத்தில் தொடங்கும் சொற்கள் வழங்கின. வடமொழியின் 'வ்ரீஹி'யும் அந்தக் குடும்பத்தைச் சேர்ந்தது. அன்றைய கிரேக்கத்தில் வகர ஒலி மறைந்துபோயிருந்தது. அதன் இடத்தில் 'ஒ' வந்து உட்காருவது இயல்பு. ஆகவே இன்று ஆய்வாளர்களில் பெரும்பாலானோர் ஈரானிய வழியையே ஏற்கிறார்கள். இஞ்சியின் கதை வேறு. கிரேக்கத்தில் 'ஸிங்கிபெரிஸ்', பாலியில் 'சிங்கிவேர', அதற்குப் பின்னால் நம் இஞ்சிவேர். இடைப்படிகள் ஒவ்வொன்றும் கண்ணுக்குத் தெரிகின்றன. எதிர்த்திசையில் கடன் வாங்கியதும் உண்டு: பஞ்சாங்கத்தில் நல்ல ஓரை பார்க்கிறோமே, அந்த ஓரை கிரேக்கத்தின் 'ஹோரா'.

இரண்டு சொல் ஒன்றுபோல ஒலித்தால் அது கேள்வியின் தொடக்கம். அரிக்கன்சட்டி வேலை இதுவும். மேலே மிதந்து ஓடுவதை ஓடவிட்டு, அடியில் எது தங்குகிறது என்று பார்க்கவேண்டும்.

அந்த வேலையைத் தமிழுக்காகவே செய்யப்போன ஒருவர் க. கைலாசபதி. 1960களில் அவர் பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்துக்குச் சேர்ந்தபோது மேற்பார்வையாளராக இருந்தவர் தமிழ்ப் பேராசிரியர் அல்லர். கிரேக்கப் பேராசிரியர் ஜோர்ஜ் தொம்சன். அதற்கு முப்பது ஆண்டுகளுக்கு முன் மில்மன் பரி என்ற அமெரிக்கர் யூகோஸ்லாவியாவின் மலையூர்களில் எழுத்தறியாத பாடகர்களைத் தேடிப்போய்ப் பதிவுசெய்திருந்தார். ஆயிரக்கணக்கான அடிகளை அவர்கள் மனப்பாடம் செய்து ஒப்பிக்கவில்லை. ஆயத்தமாக வைத்திருந்த தொடர்களைக் கோத்துப் பாடும்போதே கட்டிக்கொண்டு போனார்கள். ஹோமரின் காப்பியங்களில் ஒரே தொடர் திரும்பத் திரும்ப வருவதன் இரகசியம் அங்கே வெளிப்பட்டது. கைலாசபதி அந்தச் சாவியை எடுத்துப் புறநானூற்றுப் பூட்டில் போட்டுப் பார்த்தார். பாணர்களின் வாய்மொழி மரபுதான் சங்கப் பாடல்களின் அடித்தளம் என்றார். 1968இல் ஆக்ஸ்போர்டில் அவர் நூல் வந்தது. பூட்டு முழுதாகத் திறந்ததா? பாடியவர்கள் எழுத்தறிந்த புலவர்களே, பாணர் பாணியை எடுத்தாண்டார்கள் என்று ஜோர்ஜ் ஹார்ட் என்ற ஆய்வாளர் பின்னர் வாதிட்டார். எனக்கு ஹார்ட் சொல்வதில் நியாயம் தெரிகிறது. ஆனாலும் கைலாசபதி கேட்டிராவிட்டால் அந்தக் கேள்வியே நம்மிடம் இருந்திருக்காது.

இனிக் கடலுக்குத் திரும்புவோம். கி.பி. 79இல் வெசுவியஸ் எரிமலை வெடித்தபோது இறந்த உரோமர் பிளினி, 37 பகுதிகளாக ஒரு கலைக்களஞ்சியம் எழுதிவைத்துவிட்டுப் போனார். அதில் இலங்கைக் கதை ஒன்று வருகிறது. செங்கடல் பகுதியில் வரி வசூலிக்கும் குத்தகை எடுத்தவர் அன்னியுஸ் பிளோக்காமுஸ். அவரிடம் அடிமையாயிருந்து விடுதலை பெற்ற ஒருவன் அரபுக் கரையோரமாகக் கப்பலில் போகையில் காற்று அடித்துக்கொண்டுபோய்ப் பதினைந்தாம் நாள் தப்ரபேனேயின் ஹிப்புரோஸ் துறையில் தள்ளியது. அரசன் ஆறு மாதம் வைத்து உபசரித்தான். இவனிடம் இருந்த தெனாரியஸ் வெள்ளிக்காசுகளை வாங்கிப் பார்த்தான். காசில் உள்ள தலைகள் வெவ்வேறு. எடை மட்டும் ஒன்றே. இப்படி நேர்மையான ஒரு நாடா என்று வியந்து நான்கு தூதர்களை உரோமுக்கு அனுப்பினான். அப்போது அங்கே கிளாடியஸ் பேரரசர்; அவர் ஆட்சி 41 முதல் 54 வரை.

ஹிப்போஸ் என்றால் குதிரை. ஆகவே ஹிப்புரோஸ் நம் வடமேற்குக் கரையின் குதிரைமலைதான் என்று சிலர் சொல்லியிருக்கிறார்கள். கிழக்கே அரிசிமலை, மேற்கே குதிரைமலை: இரண்டு மலையும் நம்மை 'வா, வா' என்று கூப்பிடும். சட்டியைக் கொஞ்சம் சுழற்றுவோம்.

கதை நடந்ததா? இங்கேதான் யாரும் எதிர்பாராத ஒரு சாட்சி. எகிப்தின் பாலைவனத்தில், செங்கடல் துறைமுகமான பெரனிக்கேயிலிருந்து நைல் கரைக்குப் போகும் பாதையில், வழிப்போக்கர் ஒதுங்கிய பாறையொன்றில் லிசாஸ் என்ற ஆள் தன் பெயரைக் கீறியிருக்கிறான். லத்தீனில் ஒருமுறை, கிரேக்கத்தில் ஒருமுறை. பப்ளியுஸ் அன்னியுஸ் பிளோக்காமுஸின் ஆள் நான், இங்கே வந்தேன் என்பதே செய்தி. காலம் கி.பி. 6. அந்தக் கீறல் 1953இல் அச்சில் வெளியானது. பாறையில் கிறுக்கிய ஓர் அடிமையின் பெயர் இலங்கை வரலாற்றுக்குச் சொந்தமானது என்பதைப் பிளினியை வாசித்த கண்தான் கண்டுபிடிக்க முடியும். ஆனால் முடிச்சும் அங்கேயே விழுகிறது. 6ஆம் ஆண்டுக்கும் கிளாடியஸ் அரியணை ஏறிய 41க்கும் இடையே 35 ஆண்டு. பயணம் முன்னமே நடந்து, தூது பின்னால் போனதா? பிளினி இரண்டையும் சேர்த்துத் தைத்துவிட்டாரா? இன்னும் வாதாடுகிறார்கள்.

மண்ணும் தன் பங்குக்குக் குழப்புகிறது. இலங்கையில் கிடைத்த உரோமக் காசுகள் ஏராளம். அவற்றில் மிகப் பெரும்பாலானவை 4, 5ஆம் நூற்றாண்டுச் செப்புக்காசுகள். அரசன் வியந்த அந்தப் பழைய தெனாரியஸ் இங்கே அரிது.

போதாக்குறைக்கு, பிளினிக்கு ஏறக்குறைய 500 ஆண்டு கழித்து கொஸ்மாஸ் என்ற அலெக்சாந்திரியா வணிகர் எழுதிய நூலிலும் இதே போன்ற காட்சி வருகிறது. சோபாத்ரோஸ் என்ற கிரேக்க வணிகனும் ஒரு பாரசீகனும் தப்ரபேனே அரசன் முன் நிற்கிறார்கள். யாருடைய மன்னர் பெரியவர் என்று அரசன் கேட்கிறான். பாரசீகன் அளக்கிறான். சோபாத்ரோஸ் மட்டும், இரண்டு மன்னரும் இங்கேயே இருக்கிறார்களே, பார்த்துக்கொள்ளுங்கள் என்று இரண்டு நாட்டுக் காசையும் எடுத்து நீட்டுகிறான். உரோமரின் பொன்னுக்குப் பக்கத்தில் பாரசீகரின் வெள்ளி எடுபடவில்லை. சோபாத்ரோஸை யானைமேல் ஏற்றி மேளத்தோடு ஊர்வலம் விட்டானாம் அரசன். இரண்டு நூல், இரண்டு காலம், காசைப் பார்த்து ஒரு பேரரசை எடைபோடும் அதே இலங்கை அரசன். கடலோடிகள் துறைமுகத்துக்குத் துறைமுகம் சொல்லிக்கொண்டு திரிந்த கதையோ என்று சந்தேகிக்காமல் இருக்க முடியவில்லை. தூரத்து அரசன் ஒருவன் நம்மைப் புகழ்ந்தான் என்று கேட்பதில் யாருக்குத்தான் கசக்கும்?

கதை கட்டுக்கதையாகவே இருக்கட்டும், காசுகள் உண்மை. தெனாரியஸ் என்ற பெயர் சிரியா வழியாக அரபு நாட்டுக்குப் போய்ப் பொற்காசின் பெயராகித் தினார் ஆனது. கிரேக்கரின் திராக்மே பாரசீகத்தில் வெள்ளிக்காசின் பெயராகி, அரபியில் திர்ஹம் ஆனது. அரசன் முன் நீட்டப்பட்ட பொன்னும் வெள்ளியும் அந்தப் பெயர்களோடு இன்றைக்கும் புழக்கத்தில் இருக்கின்றன, குவைத்தில் ஒன்று, துபாயில் ஒன்று. புல்மோட்டையில் மகனோ மாப்பிள்ளையோ வளைகுடாவில் இருக்கும் வீடுகளில், மாதம் பிறந்ததும் தொலைபேசியில் முதலில் கேட்பது இதைத்தான்: "இண்டைக்கு தினார் எவ்வளவு போகுது, திர்ஹம் எவ்வளவு போகுது?"