போரும் சமாதானமும் யார் கையில்?

முதல் உலகப் போருக்குக் காரணங்கள் யாவை என்று தேர்வில் கேட்டால் நாம் தயங்காமல் எழுதிவிடுவோம்: இரகசிய உடன்படிக்கைகள், ஆயுதப் போட்டி, குடியேற்ற நாடுகளுக்கான போட்டி, சரயேவோ கொலை. இரண்டாம் உலகப் போருக்கோ, வெர்சேல்ஸ் உடன்படிக்கை என்று முதல் வரியிலேயே எழுதுவோம். மதிப்பெண்ணும் கிடைத்துவிடும். ஆனால் காரணங்கள் தாமாகவே போர் தொடுக்குமா? இக்கேள்விக்கு விடை தேடியவர் மார்கரெட் மக்மில்லன் என்னும் பெண் வரலாற்றாசிரியர்.

1943இல் கனடாவின் டொராண்டோ நகரில் பிறந்த இவர், ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக விளங்கியவர். முதல் உலகப் போரின் பிற்பகுதியில் பிரிட்டனின் பிரதமராயிருந்த லாயிட் ஜார்ஜ் இவருடைய கொள்ளுப் பாட்டனார் ஆவார்.

2013இல் வெளிவந்த இவரது 'தி வார் தட் எண்டட் பீஸ்' என்னும் நூல், போருக்கு முந்திய ஐரோப்பாவை ஆராய்கிறது. 1912லும் 1913லும் பால்கன் நாடுகளில் போர்கள் நடந்தன. அப்போது வல்லரசுகளின் தூதர்கள் லண்டனில் கூடிப் பேசினர், பெரும்போர் மூளவில்லை. 1914 ஜூன் 28இல் ஆஸ்திரிய இளவரசர் சரயேவோவில் சுட்டுக் கொல்லப்பட்டார். இம்முறை ஆஸ்திரியா, செர்பியாவுக்கு 48 மணி நேரக் கெடு விதித்தது. ஜெர்மனி ஆஸ்திரியாவுக்குத் துணை நின்றது. ரஷ்யா படை திரட்டியது. ஆறு வாரங்களுக்குள் ஐரோப்பா தீப்பற்றி எரிந்தது! அதே நாடுகள், அதே பகைமை. ஆனால் முடிவுகள் வேறு. முன்பு நெருக்கடி தீர்ந்ததுபோல் இப்போதும் தீரும் என்ற அசட்டையும் சேர்ந்துகொண்டது. அமைதிக்கு வழி இருந்தும் தலைவர்கள் அதைத் தேர்ந்தெடுக்கவில்லை என்பதே ஆசிரியரின் கருத்து.

2001இல் வெளிவந்த 'பீஸ்மேக்கர்ஸ்' என்னும் நூல், 1919இல் பாரிஸில் நடந்த சமாதான மாநாட்டைப் பற்றியது. அமெரிக்காவின் வில்சன், பிரான்சின் கிளெமென்சோ, பிரிட்டனின் லாயிட் ஜார்ஜ் ஆகியோர் அங்கே கூடினர். சரயேவோ கொலை நடந்து சரியாக ஐந்தாண்டுகள் நிறைந்த 1919 ஜூன் 28 அன்று ஜெர்மனி உடன்படிக்கையில் கையெழுத்திட்டது. அதில் குறைகள் உண்டென்று ஆசிரியர் ஒப்புக்கொள்கிறார். கிரேக்கப் படை துருக்கியின் ஸ்மிர்னா நகரில் இறங்க ஆதரவளித்த தம் கொள்ளுப் பாட்டனாரின் தவற்றையும் அவர் மறைக்கவில்லை. ஆனால் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தது 1933இல். இடையே 1929இல் தொடங்கிய பொருளாதார வீழ்ச்சி வந்தது. விதிக்கப்பட்ட இழப்பீட்டில் ஜெர்மனி செலுத்தியதும் ஒரு பகுதியே. இருபது ஆண்டுகளில் பலர் எடுத்த முடிவுகளின் பழியை ஒரே காகிதத்தின்மேல் சுமத்தலாகாது என்கிறார் அவர்.

இவ்விரு நூல்களும் நமக்கு உணர்த்துவது என்ன? போர் விதியினால் வருவதன்று. மனிதரின் முடிவினால் வருவது. சமாதானமும் ஒரு கையெழுத்தோடு முடிவதன்று. நாள்தோறும் காக்கப்பட வேண்டியது. வகுப்பில் இரு தோழியர் பேசாதிருக்கையில், "அவள் முதலில் பேசட்டும்" என்று இருவருமே காத்திருப்பதை நாம் காண்கிறோம் அல்லவா? 1914இன் தலைவர்களும் ஏறக்குறைய அப்படித்தான் இருந்தார்கள். இனிக் காரணங்களை மனப்பாடம் செய்யும்போது, அவற்றின் பின்னே முடிவெடுத்த மனிதர்களையும் எண்ணிப் பார்ப்போம். முதலில் பேசும் துணிவை இன்றே பழகுவோமாக!