ஆமா போடும் கலை

மரக்காணத்து உப்பளங்களில் வேலை நடக்கும் மாதங்களும், இப்பக்கத்துத் திரௌபதியம்மன் கோயில்களில் கூத்து நடக்கும் மாதங்களும் ஏறத்தாழ ஒன்றே. விடிவதற்கு வெகு முன்பே பாத்தியில் இறங்கிப் பலகையால் உப்பை வாரி வரப்பில் குவிக்க வேண்டியவர், இரவெல்லாம் கண்விழித்துப் பாரதக் கூத்தைப் பார்ப்பாரானால், மறுநாட் கூலியைத் துறந்தே பார்த்தாக வேண்டும். அப்படித் துறந்தவரும் பலர். அத்தகைய கலையை, 1975 ஆகஸ்ட் 15 அன்று சென்னையில் தோன்றிய தொலைக்காட்சி நிலையம், மாலை வேளையின் சொற்ப நேரத்துக்குள் அடக்குவதெங்ஙனம்? புஜக்கட்டையும் கிரீடமும் தரித்துத் திடலைச் சுற்றிச் சுழன்றாடும் துரியோதனன், ஜனத்திரள் இல்லாத கூடத்தில், சிறு கறுப்பு வெள்ளைத் திரைக்குள் நிற்கையில், அவனுடைய கம்பீரத்தில் பாதி கரைந்துவிட்டது.

தென்பாண்டிச் சீமையின் வில்லுப்பாட்டுக்கோ இந்தச் சங்கடம் நேரவில்லை. காரணம், அது தன் சபையைத் தன்னோடேயே அழைத்து வருகிறது. பாடுபவர் வீசுகோலால் நாணைத் தட்ட, வில்லில் கட்டிய மணிகள் கலகலக்க, பத்தியால் அறைபடும் குடம் அடித்தொனி கொடுக்க, கதை ஒரு திருப்பத்தில் வந்து நிற்கும்போது பக்கத்திலிருப்பவர் ‘ஆமா’ என்கிறார். சில வேளை வியக்கிறார், குறுக்குக் கேள்வியும் போடுகிறார். எதிரே ரசிகர் ஒருவருமின்றிக் காமிராவும் விளக்குகளும் மாத்திரமே இருக்கும் கூடத்தில், வீட்டிலிருந்து பார்ப்பவர் கேட்க நினைத்ததை அந்த ஆமா போடுபவரே கேட்டுவிடுகிறார்.

இச்சக்தியை உணர்ந்து கையாண்டவர் சுப்பு ஆறுமுகம். 1928-ல் நெல்லைச் சீமையின் சத்திரப் புதுக்குளத்தில் பிறந்து, கலைவாணர் என். எஸ். கிருஷ்ணனால் சென்னைக்கு அழைத்து வரப்பெற்று, அவருக்கும் பிற்பாடு நாகேஷுக்கும் திரைப்பட நகைச்சுவைப் பகுதிகளை எழுதிய அவர், கோயில் கொடை விழாக்களில் இரவு முழுதும் நீண்ட வில்லிசையை, காந்தி மகான் கதை முதலிய புதிய சரிதங்களாகச் சுருக்கி, வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் கொணர்ந்தார். நகைச்சுவை எழுதிப் பழகிய கையாதலால், எந்த இடத்தில் ‘ஆமா’ விழ வேண்டும், எந்த இடத்தில் அது விழாமல் மௌனம் நிற்க வேண்டும் என்பது அவருக்கு அத்துப்படி.

கொடையின் சடங்கும் சாமியாட்டமும் இதில் விடுபட்டனவென்று வருந்துவோர் உண்டு, அவ்வருத்தம் நியாயமே. ஆயினும், கொடையையே கண்டறியாத எங்கள் வடபுலத்தாருக்கு வில்லை அறிமுகம் செய்த பெருமை பெரும்பாலும் வானொலி, தொலைக்காட்சிப் பெட்டிகளையே சாரும். 2021-ல் பத்மஸ்ரீ விருது பெற்று, 2022 அக்டோபரில் சுப்பு ஆறுமுகம் மறைந்த பின்னும், மகள் பாரதி திருமகன் வில்லை ஏந்தி வருகிறார். புரிசை கண்ணப்பத் தம்பிரான் போன்ற மகாகலைஞரைப் பெற்றிருந்தும், எங்கள் கூத்துக்குச் சின்னத்திரையில் அத்தகைய இடம் வாய்க்கவில்லையே என்பது எனக்குத் தீராத மனக்குறை.