படைச் சிறுவனும் சட்டத்தின் நீதியும்

போரில் ஆயுதம் ஏந்திய சிறுவன் தீங்கிழைத்தவனா, தீங்கிழைக்கப்பட்டவனா? இவ்வினாவை நாம் பெரும்பாலும் இரக்கத்தைக் கொண்டே தீர்த்துவிட முயல்கிறோம். இரக்கம் வேண்டுவதே, ஆயினும் அது மட்டும் போதுமானதன்று. இதனை விளக்க டெங் அடுட் என்பாரின் வாழ்வை நோக்குவோம்.

நைல் நதிக்கரையில், இன்று தென் சூடான் எனப்படும் பகுதியிலுள்ள மாலெக் அவரது பிறப்பிடம். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆங்கிலிக்கன் அருட்பணியாளர் நிலையம் அமைத்த ஊர் அது. 1983இல் தொடங்கி 2005 வரை நீடித்த சூடான் உள்நாட்டுப் போரின்போது, ஏறத்தாழ ஆறு வயதில் அவர் தாயிடமிருந்து பிரிக்கப்பட்டு, சூடான் மக்கள் விடுதலைப் படையினரால் எத்தியோப்பியாவுக்கு நடத்திச் செல்லப்பட்டார். ஆயுதப் பயிற்சி பெற்றார்; போரில் முதுகில் குண்டடியும் பட்டார். பின்னர் அவருடைய அண்ணன் ஜான் அவரைச் சோள மூட்டைகளுக்கிடையே லாரியில் மறைத்துக் கென்யாவுக்குக் கொண்டு சேர்த்தார்.

1998இல் அகதியாக ஆஸ்திரேலியா சேர்ந்தார். குழந்தைகளுக்கான தொலைக்காட்சி நிகழ்ச்சிகளைக் கண்டு ஆங்கிலம் பழகினார். பெட்ரோல் நிலையத்தில் உழைத்தார். தொழிற்கல்வி நிலையத்திலும், பின்னர் மேற்குச் சிட்னிப் பல்கலைக்கழகத்தில் சட்டமும் பயின்றார். வழக்கறிஞராகி, மேற்குச் சிட்னியில் குற்றஞ்சாட்டப்பட்ட சூடானிய இளைஞர் பலருக்காக வாதாடினார். 2017ஆம் ஆண்டுக்கு நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தின் சிறந்த ஆஸ்திரேலியராகத் தெரிவு செய்யப்பட்டார். அவரைக் காத்த அண்ணனோ 2014இல் தென் சூடானில் கொல்லப்பட்டார்.

இனி, சட்டம் கூறுவதென்ன? 1989ஆம் ஆண்டின் குழந்தை உரிமைகள் உடன்படிக்கை 15 வயதுக்குட்பட்டோரைப் படையில் சேர்க்கலாகாது என்றது. 2000இல் ஏற்கப்பட்ட விருப்ப நெறிமுறை, கட்டாய ஆட்சேர்ப்புக்கும் நேரடிப் போருக்கும் அவ்வயதை 18ஆக உயர்த்தியது. 2012இல் பன்னாட்டுக் குற்றவியல் நீதிமன்றம் அளித்த முதல் தீர்ப்பிலேயே, சிறுவரைப் படையில் சேர்த்ததற்காகக் காங்கோ நாட்டின் தாமஸ் லுபாங்கா குற்றவாளியெனக் கண்டது. குற்றஞ்செய்தபோது 18 வயது நிரம்பாதவரை விசாரிக்க அந்நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை. ஆகவே சட்டம் முதலில் நாடுவது சிறுவனையன்று, அவன் கையில் துப்பாக்கியைக் கொடுத்தவனையே எனலாம்.

எனினும் உகாண்டாவின் டொமினிக் ஒங்வென் வழக்கு நம்மைத் தயங்கச் செய்கிறது. சிறுவனாகக் கடத்தப்பட்ட அவர், வளர்ந்தபின் தளபதியாகி, பிற சிறுவர்களைப் படையில் சேர்த்தார். 2021இல் அவருக்கு 25 ஆண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. அவரது சிறுவயதுத் துயர் தண்டனையைக் குறைத்ததேயன்றி, குற்றத்தை நீக்கவில்லை. பட்ட துன்பமும் செய்த தீமையும் ஒரே மனிதனிடத்தில் கூடி நிற்கக்கூடும் என்பதைச் சட்டம் இங்கு ஒப்புக்கொள்கிறது. குற்றத்தையும் மன்னிப்பையும் குறித்துப் போதிக்கிற நாம் இவ்வுண்மையை எளிதாகக் கடந்து செல்லலாகாது.

இவ்விருவரையும் தகுதியுள்ளவர், தகுதியற்றவர் என வகுத்துவிடுதல் எளிது. ஆனால் டெங் அடுட்டுக்கு உயிரைப் பணயம் வைத்த அண்ணன் இருந்தார். ஏற்றுக்கொண்ட நாடு இருந்தது. பிந்தி வந்தவனுக்கும் கதவு திறந்த கல்விக்கூடம் இருந்தது. ஒங்வெனுக்கு இளமையில் இவற்றுள் ஒன்றும் வாய்க்கவில்லை. ஆகையால், போரினின்று மீண்டவர் நம் நடுவில் வரும்போது அவர்களுடைய கதையைக் கேட்டு உருகுவதோடு நம் கடமை முடிவதில்லை. மொழி, கல்வி, வேலை, சட்ட உதவி ஆகியவற்றை அவர்கள் பெறத் துணைநிற்பதும் மேய்ப்புப் பணியின் பகுதியே ஆகும்.