சொல்லிப் பிரிதல்



தருமபுரி மாவட்டம், பென்னாகரம் வட்டத்தில் ஏரியூர் என்பது ஓர் ஊர். மேட்டூர் அணை 1934-ஆம் ஆண்டில் முற்றுப்பெற்ற பின்பு காவிரி நீர் தேங்கி நிற்கும் பெரும்பரப்பு இவ்வூருக்குத் தொலைவில் இல்லை. ஆயினும் ஊரைச் சூழ்ந்த மேட்டு நிலங்கள் வானத்தை நோக்கியே வாழ்கின்றன. கேழ்வரகும் நிலக்கடலையும் மழை பெய்தால் விளையும். பெய்யாவிட்டால் ஆடவர் மூட்டை கட்டிக்கொண்டு பெங்களூருக்குக் கட்டட வேலைக்கோ, திருப்பூருக்குப் பனியன் தொழிலுக்கோ புறப்பட்டுவிடுவர்.

அவ்வூரில் ஒரு மாலை, மாணவ மாணவியர் சிலரோடு நாவல்களைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தேன். காதலும் நட்பும் நாவல்களில் எவ்வாறு இடம் பெறுகின்றன என்பது பேச்சு. பன்னிரண்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி எழுந்து, "ஐயா, பாலைத்திணையில் பொருள் தேடப் பிரிந்த தலைவனைப் பற்றி வகுப்பில் படித்தோம். என் தந்தையும் ஆண்டில் எட்டு மாதம் பெங்களூரில்தான் இருக்கிறார். அவரைப் பற்றி யாரும் பாட்டு எழுதவில்லையே!" என்றாள். மற்றவர்கள் சிரித்தனர். அவள் சிரிக்கவில்லை. எனக்கும் சிரிப்பு வரவில்லை. அன்று அவளுக்கு அரைகுறையாகச் சொன்ன விடையை இன்று சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன்.

காதலைப் பற்றிய நூல் என்றவுடன், இருவர் காண்பதும் விரும்புவதும் கூடுவதும் மட்டுமே அதன் பொருள் என்று நினைக்கிறோம். திரைப்படங்கள் நமக்கு அப்படிப் பழக்கிவிட்டன. தமிழ் அகப்பொருள் இலக்கணம் கூடலோடு நின்றுவிடவில்லை. அன்புடைய இருவரை வாழ்க்கை எத்தனை வகையில் பிரிக்கக்கூடும் என்று அது கணக்கெடுத்தது. கல்வி கற்கப் பிரிதல், பகை தணிக்கப் பிரிதல், தூது செல்லப் பிரிதல், பொருள் தேடப் பிரிதல் என்று தொல்காப்பியம் பிரிவுக்குக் காரணங்களை வகுக்கின்றது. பரத்தையை நாடிப் பிரியும் இழிந்த பிரிவையும் அது மறைக்கவில்லை. வீட்டுக்குள் அன்பு ஒருபுறம் இழுக்க, வெளியே கடமை மறுபுறம் இழுக்கும் இந்த நிலையை இன்றைய நாவலாசிரியர்கள் புதிதாகக் கண்டுபிடித்ததாக எண்ணிவிடக் கூடாது.

பிரிவுக்குக் காரணம் சொன்ன இலக்கணம் அதற்கு எல்லையும் வைத்தது. கல்விக்காகப் பிரியும் பிரிவு மூன்று ஆண்டைக் கடத்தலாகாது. வேந்தன் பொருட்டுச் செல்லும் பிரிவு ஓர் ஆண்டுக்குள் முடிய வேண்டும். கல்லூரியில் இளங்கலைப் பட்டம் பெறவும் மூன்று ஆண்டே ஆகின்றது என்பதை எண்ணி நான் வியப்பதுண்டு. அது தற்செயலான ஒற்றுமைதான். எனினும் மாணவர்கள் நினைவில் வைத்துக்கொள்ள உதவும்.

மற்றொன்றும் உண்டு. செலவழுங்குதல் என்று ஒரு துறை. போவதற்கு எழுந்த தலைவன், தலைவியின் வருத்தத்தைக் கண்டு பயணத்தை நிறுத்திவிடுவது அது. போவதையே அவன் கைவிட்டுவிட்டானா? இல்லை என்கிறார் தொல்காப்பியர். அவளைத் தேற்றி மனம் கொள்ளச் செய்தற்கே அவன் சற்று நிற்கின்றான்; பின் சொல்லிவிட்டுப் புறப்படுவான். இந்த நுட்பத்தை நான் மிகப் பெரியதாகக் கருதுகின்றேன். அன்புக்கும் கடமைக்கும் இடையே ஒன்றைத் தேர்ந்து மற்றொன்றைத் தள்ளுவதைப் பற்றி இலக்கணம் பேசவில்லை. எப்படிச் சொல்லிப் பிரிவது, எவ்வளவு காலம் பிரிவது, அதுவரை காத்திருப்பவர் மனம் என்னாவது என்பவற்றையே பேசுகின்றது.

இவற்றையெல்லாம் முறையாக ஆராய்ந்த நூல்களுள் வ.சுப. மாணிக்கனார் எழுதிய 'தமிழ்க் காதல்' தலையாயது. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டத்திற்காக அவர் செய்த ஆராய்ச்சி 1962-இல் நூலாக வெளிவந்தது. ஆராய்ச்சி நூல் என்றால் அடிக்குறிப்புகள் அச்சுறுத்தும் என்று மாணவர்கள் விலகி நிற்க வேண்டா. மாணிக்கனார் வாழ்க்கையே பொருள்வயிற் பிரிவில் தொடங்கியது. மேலைச்சிவபுரியில் 1917-இல் பிறந்த அவர், சிறுவயதிலேயே பர்மாவுக்கு வட்டிக்கடை வேலைக்குச் சென்றவர். கடையில் இருந்த முதலாளியை இல்லை என்று சொல்லும்படி பணித்தபோது, பொய் சொல்ல மறுத்து ஊர் திரும்பினார் என்பது பலரும் அறிந்த செய்தி. பிழைப்பு ஒன்றைக் கேட்க, மனம் வேறொன்றைக் கேட்ட நிலையை ஏட்டில் படிக்கும் முன்னரே பட்டறிந்தவர் அவர்.

இனி, நாவலுக்கு வருவோம்.

நாவலும் ஆராய்ச்சியும் ஒரே கையால் எழுதப்படுவது அரிது. டாக்டர் மு. வரதராசனார் அந்த அரிய சிலருள் ஒருவர். 1912-இல் பிறந்து, திருப்பத்தூரில் தாலுகா அலுவலக எழுத்தராகவும் பின் பள்ளி ஆசிரியராகவும் இருந்து, பச்சையப்பன் கல்லூரிப் பேராசிரியராகி, மதுரைப் பல்கலைக்கழகத் துணைவேந்தராக இருந்தபோது 1974-இல் மறைந்தவர். சங்க இலக்கியத்தையும் திருக்குறளையும் ஆராய்ந்த அவரே 'கள்ளோ காவியமோ', 'கரித்துண்டு' முதலிய நாவல்களையும் எழுதினார். அவருடைய 'அகல் விளக்கு' 1961-ஆம் ஆண்டுக்குரிய சாகித்திய அகாதெமிப் பரிசு பெற்றது.

அகல் விளக்கில் இரண்டு நண்பர்கள். சந்திரன் அழகன், அறிவாளி, எல்லாராலும் பாராட்டப்படுபவன். வேலய்யன் எதிலும் நடுத்தரம். வாலாசாப்பேட்டையில் தொடங்கும் அவர்கள் நட்பைக் கதையாகச் சொல்பவன் வேலய்யன். முதல் தர மாணவன் வீழ்வதையும் இரண்டாம் தர மாணவன் நிலைத்து நிற்பதையும் காட்டுவது கதை. மதிப்பெண் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு நடுங்கும் மாணவர்களுக்கு இதைவிட ஆறுதலான கதை கிடைப்பது அரிது.

சந்திரன் எங்கே வழுக்கினான்? கல்லூரியில் இமாவதி என்னும் மாணவி அவனோடு கள்ளமின்றிப் பழகுகின்றாள். அதை அவன் காதல் என்று கொள்கின்றான். அவள் மனத்தில் இருந்ததோ நட்பு. அவளுக்கு வேறொருவரோடு திருமணம் என்று அறிந்தபின் அவன் நிலைகுலைந்து, வீட்டார்க்கும் நண்பனுக்கும் சொல்லாமல் மறைந்துபோகின்றான். பின்னர் பல வழிகளில் கெட்டு, நோயுற்று, வருந்தி இறக்கின்றான்.

சந்திரனுடைய குற்றம் காதலித்தது என்று சிலர் விளக்கம் கூறுவர். காதலித்தால் படிப்புக் கெடும் என்பதற்கு இக்கதையை எடுத்துக்காட்டாக்குவர். அது குறுகிய பார்வை என்பேன். ஏமாற்றம் யாருக்கும் வரும். அவன் வேலய்யனிடம் மனம் திறந்து ஒரு சொல் சொல்லியிருந்தால் கதை வேறு வகையாகச் சென்றிருக்கும். அகப்பாட்டின் தலைவன் சொல்லிப் பிரிந்தவன். சந்திரன் சொல்லாமல் மறைந்தவன். அகத்துறைகளில் தோழி என்னும் பாத்திரத்திற்கு ஏன் அத்தனை இடம் கொடுத்தனர் என்பது இவ்விடத்தில் விளங்கும். காதலின் துன்பத்தைத் தாங்க நட்பு வேண்டும். தோழி பேசுகின்றாள், இடிக்கின்றாள், காலம் கடத்தாதே என்று தலைவனிடம் வழக்காடுகின்றாள். சந்திரனுக்கும் அப்படி ஒருவன் இருந்தான். அவன் வாயைத் திறக்கும் வாய்ப்பைத்தான் சந்திரன் கொடுக்கவில்லை.

ஆணும் பெண்ணும் நண்பர்களாக இருத்தல் கூடுமா என்று சந்திரனைப் போலவே ஐயுறுவோர் இன்றும் உளர். தருமபுரிப் பக்கத்து மாணவர்கள் இந்த ஐயத்திற்கு விடை தேடி வெளியூர் செல்ல வேண்டியதில்லை. தருமபுரியின் பழைய பெயர் தகடூர். அதை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சி, நீண்ட வாழ்நாள் தரும் என்று பெற்ற அரிய நெல்லிக்கனியைத் தான் உண்ணாது ஔவையாருக்கு ஈந்தான். அவர்களிடையே இருந்தது நட்பு என்பதில் எவர்க்கும் ஐயம் எழுந்ததில்லை. அந்த ஔவையாரே அதியமான் பொருட்டுத் தொண்டைமானிடம் தூது சென்றார். தூதுப் பிரிவை இலக்கணம் ஆடவர்க்கு உரியதாக்கிற்று. தகடூர் ஒரு பெண்பாற் புலவரைத் தூது அனுப்பிற்று. இலக்கணத்தைவிட வாழ்க்கை பெரிது என்பதற்கு இது போதாதா?

அகல் விளக்கில் எனக்கு ஒரு குறையும் உண்டு. ஆசிரியர் அறிவுரை கூறும் ஆர்வத்தில் கதையை நிறுத்திவிடும் இடங்கள் பல. இமாவதியின் உள்ளத்தை அவள் வாய்மொழியாகக் கேட்க நமக்குப் போதிய இடம் இல்லை. மு.வ.வின் மாணவர்கள் இதைக் கேட்டால் என்னோடு சண்டைக்கு வருவர். வரட்டும்.

அறிவுரையே கூறாத நாவல் ஒன்றையும் படிக்க வேண்டும். தி. ஜானகிராமனின் 'மோக முள்' அத்தகையது. கும்பகோணத்தில் படிக்கும் பாபுவுக்கு இசையில் ஈடுபாடு. ரங்கண்ணா என்னும் முதியவரிடம் இசை பயில்கின்றான். தன்னைவிட வயதில் பத்து ஆண்டு மூத்த யமுனாவின்மீது தீராத காதல் கொள்கின்றான். தந்தைக்கு மகனாக ஒருபுறம், ஆசானுக்கு மாணவனாக ஒருபுறம், இவற்றிடையே உடலும் உள்ளமும் கேட்கும் கேள்விகள் ஒருபுறம். எதையும் அவன் எளிதில் விட முடியவில்லை. ராஜம் என்னும் நண்பன் அருகில் இருந்து அவன் பிதற்றலையெல்லாம் கேட்கின்றான். பாபு சந்திரனைப் போலக் கெட்டுப் போகாததற்கு இந்த நண்பனும் ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகின்றது. முடிவில் குரற்பயிற்சியின் பொருட்டு அவன் மராட்டிய நாட்டை நோக்கிப் புறப்படுகின்றான். அவன் இசையைக் கைவிடாதபடி தூண்டுபவள் யமுனாவே. பழைய இலக்கணம் ஓதற்பிரிவு என்று சொன்னதைத்தான் இங்கே நாம் மீண்டும் காண்கின்றோம்.

இவ்வளவு சொன்ன பிறகு அந்த மாணவி விடவில்லை. "பிரிகிறவர் எல்லாம் ஆண்களாகவே இருக்கின்றனரே, ஐயா. காத்திருப்பவர்களைப் பற்றி நாவல் இல்லையா?" என்றாள். நல்ல கேள்வி. அகப்பாடல்களில் காத்திருப்பவளின் குரல்தான் நம் காதில் ஒலித்துக்கொண்டே இருக்கிறது. ஆனால் அவளுக்குப் புறப்படும் உரிமை பெரும்பாலும் இல்லை. பாட்டில் பேசும் பெண் ஊரில் நின்றுவிடுகின்றாள். இப்போது நிலைமை மாறியிருக்கின்றது. திருப்பூருக்கும் ஓசூருக்கும் வேலைக்குச் செல்வோருள் இந்த மாவட்டத்துப் பெண்களும் உளர். வீட்டில் காத்திருக்கும் தந்தையைப் பற்றிய பாலைத்திணை இனிமேல்தான் எழுதப்பட வேண்டும்.

அவளுக்கு நான் சொன்ன நாவல் ஹெப்ஸிபா ஜேசுதாசனின் 'புத்தம் வீடு'. 1964-இல் வெளிவந்தது, அளவில் சிறியது. பனைமரங்கள் சூழ்ந்த தென்கோடிச் சிற்றூர். பழம்பெருமை பேசும், பொருள் குறைந்துவிட்ட ஒரு வீடு. அவ்வீட்டுப் பெண் லிஸி வயதுக்கு வந்தவுடன் பள்ளிக்கூடம் நின்றுவிடுகின்றது; வீட்டு வாசலே அவளுக்கு எல்லையாகின்றது. பனையேறும் குடும்பத்தைச் சேர்ந்த தங்கராஜிடம் அவள் அன்பு வைக்கின்றாள். குடும்பப் பெருமை அதைத் தடுக்கின்றது. அவள் ஓடிப்போகவில்லை, உயிரை மாய்த்துக்கொள்ளவில்லை, உரக்கப் பேசவும் இல்லை. ஆண்டுக்கணக்கில் தன் மனத்தை மாற்றிக்கொள்ளாமல் இருக்கின்றாள். அந்த இருப்பே இறுதியில் வெல்கின்றது. காத்திருத்தல் செயலற்ற நிலை என்று எண்ணுவோர் இந்த நாவலைப் படித்தபின் அவ்வாறு எண்ணமாட்டார்.

அந்தப் பெண்ணிடம் இன்னொன்றும் கேட்டேன். "உன் தந்தை பெங்களூருக்குப் போகும்போது சொல்லிவிட்டுப் போகின்றாரா, அம்மா?"

"சொல்லுவார், ஐயா. பொங்கலுக்கு வருவேன் என்பார். இரவு ஒன்பது மணிக்கு மேல் கைப்பேசியில் அழைப்பார். வேலை முடிந்து சமைத்துச் சாப்பிட அவ்வளவு நேரம் ஆகிவிடும். என் அம்மா அதுவரை விளக்கை அணைக்கமாட்டார்" என்றாள்.

பாட்டு எழுதவில்லை என்று வருந்தியவள், பாட்டின் பொருளை முழுவதும் சொல்லிவிட்டாள் என்றேன். அவளுக்கு அது முழுச் சமாதானமாகத் தோன்றவில்லை. அதுவும் முறையே.

அவளுக்கு அடுத்த ஆண்டு சேலத்துக் கல்லூரி ஒன்றில் சேர எண்ணம். 'புத்தம் வீட்டை' வாங்கிக்கொண்டு போனவள், ஒரு மாதம் கழித்துப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்க வந்தாள். தமிழ்ப் படிப்பா அறிவியல் படிப்பா என்று கேட்டேன். அது இன்னும் முடிவாகவில்லை என்றாள். "மூன்று ஆண்டு என்று மட்டும் அம்மாவிடம் சொல்லிவிட்டேன், ஐயா. நடுவில் எத்தனை முறை வருவாய் என்று கேட்கின்றார். அதற்குத்தான் இன்னும் விடை சொல்லவில்லை."