ஒப்புக்குச் சப்பாணி – யார் அது?

இந்த மாதச் சுவர் இதழில் ஒரு சொல்லைப் பற்றி எழுதப் போகிறேன். அந்தச் சொல்லை நம்ம எல்லாரும் சொல்லியிருக்கோம். பாதிப் பேர் அதுவாகவே இருந்திருக்கோம். நான் இருந்திருக்கேன். மூணாவதிலிருந்து ஆறாவது வரைக்கும் எனக்கு இளைப்பு இருந்தது. நாலு தடவை ஓடினால் மூச்சு வாங்கும். அதனால் எங்க தெருவில் எந்த ஆட்டமானாலும் எனக்கு ஒரே வேலைதான், ஒப்புக்குச் சப்பாணி.

முதலில், இந்த வேலை எப்படிக் கிடைக்கிறது என்று பார்ப்போம். திருவதிகையில் எங்க தெருப் பசங்க தேரடியிலும், தண்ணி இல்லாத நாளில் கெடிலத்து மணலிலும் ஆடுவோம். ஆட்டம் தொடங்குவதற்கு முன்னாடி உத்தி பிரிப்போம். இரண்டு தலைவர்கள் நிற்பார்கள். மற்றவர்கள் இரண்டு இரண்டு பேராகத் தோளில் கை போட்டுக்கொண்டு தள்ளிப் போய், காதோடு காதாக ஆளுக்கொரு ரகசியப் பெயர் வைத்துக்கொண்டு வருவார்கள். "தங்கம் வேணுமா, வெள்ளி வேணுமா?" என்று கேட்பார்கள். தலைவர் எதைக் கேட்கிறாரோ அந்த ஆள் அவர் பக்கம், இன்னொருவர் எதிர்ப் பக்கம். இதில் ஒரு நியாயம் இருக்கு பாருங்க. சம பலம் உள்ள இரண்டு பேர்தான் ஜோடி சேரணும். அப்பத்தான் இரண்டு கட்சியும் சமமாக இருக்கும். ஆனால் ஆள் கணக்கு ஒற்றைப்படையாக வந்துவிட்டால் ஒருத்தர் மிச்சம். ஜோடி இல்லாத குட்டிப் பையனோ, யாரோட தங்கச்சியோ, என்னை மாதிரி இளைப்புக்காரரோ தனியாக நிற்போம். "வீட்டுக்குப் போ"ன்னு சொன்னா அழுகை வரும், அப்புறம் அம்மா வந்து திட்டுவாங்க. அதுக்குக் கண்டுபிடித்த வழிதான் இது: "சரி, நீ ஒப்புக்குச் சப்பாணி. ஆடிக்கோ."

அப்படி ஆனவருக்குத் தனிச் சட்டம் உண்டு. ஓடலாம், ஒளியலாம், கத்தலாம். அவரைத் தொட்டால் அவுட் கிடையாது. அவர் தொட்டாலும் யாரும் அவுட் கிடையாது. கிரிக்கெட் என்றால் எல்லைக்கு வெளியே போகிற பந்தைப் பொறுக்கிப் போடலாம். கடைசியில் வெளிச்சம் போன பிறகு இரண்டு பந்து பேட்டிங் தருவார்கள், ரன் எண்ண மாட்டார்கள். ஆட்டத்துக்குள் இருக்கிறார், ஆனால் கணக்கில் இல்லை.

இனி சொல்லுக்கு வருவோம். சிலர் "உப்புக்குச் சப்பாணி" என்கிறார்கள், சிலர் "ஒப்புக்குச் சப்பாணி" என்கிறார்கள். எங்க வீட்டிலேயே பாட்டி உப்பு, அப்பா ஒப்பு. எது சரி? எனக்கு ஒப்புதான் பொருந்துகிறது. ஒப்புக்கு என்றால் பேருக்கு, மற்றவர் பார்வைக்கு என்று அர்த்தம். "ஒப்புக்கு ஒரு வார்த்தை கூப்பிட்டான்", "ஒப்புக்குச் சிரிச்சான்" என்று சொல்கிறோம் இல்லையா? நம்ம வீரட்டானேஸ்வரர் கோயில் தேர் அன்றைக்குப் பாருங்கள். முன்னாடி இருக்கிறவர்கள் பல்லைக் கடித்துக்கொண்டு இழுப்பார்கள். பின்னாடி சில பேர் வடத்தின் மேல் கையை வைத்துக்கொண்டு பக்கத்து ஆளோடு பேசிக்கொண்டே நடப்பார்கள். அதுதான் ஒப்புக்கு இழுக்கிறது! (பாட்டி கேட்டால், வடத்தைத் தொட்டாலே புண்ணியம்தான் என்பார்.) உப்புக் கட்சியையும் லேசில் தள்ள முடியாது. "உப்புக்குப் பெறாத விஷயம்", "உப்புச் சப்பில்லாதது" என்கிற பேச்சு எல்லாம் இருப்பதால், உதவாத ஆள் என்று அப்படியும் பொருள் வந்துவிடுகிறது. காதில் இரண்டும் ஒரே மாதிரி விழுவதால் இரண்டும் நிலைத்துவிட்டன.

சப்பாணி என்ற பாதிதான் கஷ்டமானது. இன்றைக்கு நமக்குத் தெரிந்த பொருள், கால் நடக்க வராமல் உட்கார்ந்தபடியே நகர்கிறவர். ஆனால் இதே சொல்லுக்கு இன்னொரு அழகான பொருள் இருக்கு என்று எங்க தமிழ் அம்மா பிள்ளைத்தமிழ் பாடம் நடத்தும்போது சொன்னார்கள். பிள்ளைத்தமிழில் 10 பருவங்கள். காப்பு, செங்கீரை, தால், அதற்கு அடுத்து நாலாவதாக சப்பாணிப் பருவம். ஒன்பதாம் மாதக் குழந்தை உட்கார்ந்துகொண்டு இரண்டு கையையும் சேர்த்துத் தட்டும் அல்லவா, அதுதான் சப்பாணி கொட்டுவது. பாணி என்றால் கை. மதுரை மீனாட்சி அம்மைக்கும், சிதம்பரத்துக்குத் தெற்கே வைத்தீஸ்வரன் கோயில் முத்துக்குமாரசுவாமிக்கும் 17-ஆம் நூற்றாண்டில் குமரகுருபரர் பிள்ளைத்தமிழ் பாடினார். அவற்றில் அம்மனையும் முருகனையுமே சப்பாணி கொட்டச் சொல்லிக் கேட்கிறார். சாமியைக் கொஞ்சிய சொல் எப்படித் திட்டுகிற சொல்லாகவும் இருக்கிறது என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது. ஆட்டத்தில் ஓரமாக உட்கார்ந்து கை தட்டுகிற குழந்தைதான் நம்ம ஒப்புக்குச் சப்பாணி என்று நினைத்துக்கொள்ள எனக்கு ஆசை. அப்படி நினைத்தால் சொல்லும் நல்லாத்தான் இருக்கு. ஆனால் மைதானத்தில் அதைக் கேட்கிற யாருக்கும் பிள்ளைத்தமிழ் ஞாபகம் வராது, கால்தான் ஞாபகம் வரும்.

1977-இல் வந்த பாரதிராஜாவின் '16 வயதினிலே' படத்தைப் பெரியவர்கள் எல்லாரும் பார்த்திருப்பார்கள். எங்க வீட்டில் டிவியில் எப்போது போட்டாலும் அப்பா எழுந்திருக்க மாட்டார். அதில் கமல்ஹாசனை ஊரே சப்பாணி என்றுதான் கூப்பிடும். அவருக்குக் கோபாலகிருஷ்ணன் என்று நல்ல பெயர் ஒன்று இருக்கும். இனிமேல் யாராவது சப்பாணி என்று கூப்பிட்டால் அறைந்துவிடு என்று மயிலாக வரும் ஸ்ரீதேவி சொல்லிக்கொடுப்பார். சிரித்துக்கொண்டே பார்க்கிற காட்சிதான். ஆனால் ஒரு மனுஷனுக்குப் பெயர் இருக்கும்போது அதை விட்டுவிட்டு உடம்பைச் சொல்லிக் கூப்பிடுவது எப்படி வலிக்கும் என்பதை அந்தப் படம் அப்பவே சொல்லிவிட்டது.

இந்த வார்த்தை மைதானத்தோடு நிற்கவில்லை. கல்யாண வீட்டில் யோசனை கேட்காமல் சபையில் உட்கார வைக்கிற மாமாவும் ஒப்புக்குச் சப்பாணிதான். கையெழுத்து மட்டும் போட்டுவிட்டு வாயைத் திறக்காத கமிட்டி மெம்பரும் அப்படித்தான். தமிழ்நாட்டு ஊராட்சிகளில் பெண்களுக்குப் பாதி இடம் என்று 2016-இல் சட்டம் வந்தது. அம்மா தலைவராக ஜெயித்துவிட்டு, ஐயா நாற்காலியில் உட்கார்ந்திருந்தால் டீக்கடையில் இதே வார்த்தையைத்தான் சொல்வார்கள். எனக்கு அங்கே ஒரு கேள்வி உண்டு. நாற்காலியைப் பிடித்துக்கொண்டவரை ஒன்றும் சொல்லாமல், நாற்காலி இழந்தவருக்கு மட்டும் ஏன் பட்டப் பெயர்?

ஆடாதவர்களுக்குப் பெயர் வைக்கிற பழக்கம் நம்ம ஊரில் மட்டும் இல்லை. நாமெல்லாம் பனியைப் பார்ப்பது மார்கழி விடியற்காலையில்தான். குளிர் நாடுகளில் மலைச்சரிவில் காலில் பலகை கட்டிக்கொண்டு பனிச்சறுக்கு ஆடுவார்கள், நம் நாட்டிலும் குல்மார்க், அவுலி பக்கம் ஆடுகிறார்கள். அமெரிக்காவில் அந்த ஆட்டம் தெரியாமல் வந்து தடுமாறுகிறவரை 'ஜெர்ரி' என்று கேலி பேசுவது உண்டு. அந்த வார்த்தை வெளி ஆளை வெளியிலேயே நிறுத்துகிறது. நம்ம சொல்லில் ஒரு வித்தியாசம் இருக்கு, கவனித்தீர்களா? ஆடத் தெரியாதவரையும் அது உள்ளே கூப்பிடுகிறது. கேலி இருக்கு, இடமும் இருக்கு.

கிரிக்கெட்டில் 12-வது ஆள் கிட்டத்தட்ட இதே மாதிரிதான். மாற்று ஆளாக இறங்கி ஃபீல்டிங் செய்யலாம், பந்து போடக் கூடாது, பேட்டிங் கிடையாது. 1983-இல் அகமதாபாத்தில் மேற்கிந்தியத் தீவுகளோடு நடந்த டெஸ்டில் குர்ஷரண் சிங் என்பவர் அப்படி மாற்று ஆளாகத்தான் இறங்கினார். 4 கேட்ச் பிடித்தார்! அதற்கு முன் எந்த மாற்று ஆளும் ஒரு டெஸ்டில் நாலு பிடித்ததில்லை. இந்திய அணியில் உண்மையான இடம் கிடைத்து அவர் டெஸ்ட் ஆடியது 1990-இல், அதுவும் ஒரே ஒரு டெஸ்ட். ஆறு வருஷத்துக்கும் மேலே காத்திருந்திருக்கிறார்.

இதையெல்லாம் நான் ஏன் எழுதுகிறேன் என்றால், எங்க வகுப்பில் ஒரு நண்பன் இருக்கிறான். அவனுக்கு ஒரு கால் சின்னது. பி.டி. பீரியடில் உத்தி பிரிக்கும்போது அவனிடம் யாரும் ஜோடி சேர வரமாட்டார்கள். "டேய், நீ ஒப்புக்குச் சப்பாணிடா" என்று தினமும் சொல்லும்போது எங்க எல்லாருக்கும் அது விளையாட்டு வார்த்தை. எனக்கும் அந்தப் பட்டம் இருந்ததுதான், ஆனால் இளைப்பு குறைந்ததும் போய்விட்டது. தம்பி தங்கச்சிக்கு வளர்ந்ததும் போய்விடும். அவனுக்கு மட்டும் அது போகிற பட்டம் இல்லை. ஒரு நாள் என்னிடம் சொன்னான்: "ஒப்புக்குன்னு சொல்லு, பரவால்ல. அடுத்த வார்த்தையைச் சொல்லாத." அன்றைக்குத்தான் இந்தச் சொல்லை இரண்டாகப் பிரித்துப் பார்க்கணும் என்று தோன்றியது.

'ஊனமுற்றோர்' என்று எழுதிக்கொண்டிருந்த இடத்தில் 'மாற்றுத்திறனாளி' என்று எழுதணும் என்று கலைஞர் கருணாநிதி முதலமைச்சராக இருந்தபோது கொண்டு வந்தார். பேர் மாற்றினால் கால் வளருமா என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். சேலம் மாவட்டம் பெரியவடகம்பட்டி மாரியப்பன் தங்கவேலுவைத்தான் அவர்களுக்குக் காட்டணும். 5 வயதில் பள்ளிக்கூடம் போகும்போது பஸ் ஏறி அவருடைய வலது கால் நசுங்கிவிட்டது. 2016-இல் ரியோ பாராலிம்பிக்கில் 1.89 மீட்டர் உயரம் தாண்டித் தங்கம் வாங்கினார். 2021-இல் டோக்கியோவில் வெள்ளி, 2024-இல் பாரிசில் வெண்கலம். நம்ம ஸ்கூலில் இரண்டு காலும் நல்லா இருக்கிறவர்கள் யார் 1.89 தாண்டுவீர்கள்? பி.டி. சார் கயிறு கட்டித் தருவார், வந்து பாருங்கள்!

எங்க நண்பன் விஷயத்துக்கு வருகிறேன். அவனுக்குக் கை நல்ல பலம். பந்தை அடித்தால் காம்பவுண்டு சுவர் தாண்டிப் போகும். ஓடத்தான் முடியாது. கிரிக்கெட்டில் ரன்னர் என்று ஒரு முறை உண்டு. அடிபட்ட ஆட்டக்காரர் அடிப்பார், அவருக்காக இன்னொருவர் ஓடுவார். சர்வதேச ஆட்டங்களில் 2011 அக்டோபரில் இதை எடுத்துவிட்டார்கள். ஆனால் கிரிக்கெட் விதிப் புத்தகத்தில் அந்த விதி இன்னும் இருக்கிறது. அப்படியானால் நம்ம மைதானத்துக்கு என்ன தடை? இந்த டெர்மில் இருந்து அவனுக்கு நான் ரன்னர். நான் இப்போ நல்லாவே ஓடுகிறேன், எப்பவாவதுதான் மூச்சு வாங்குகிறது. அவன் அடிக்கிற ரன் கணக்கில் சேருகிறது. அவுட் என்றால் அவுட்தான், அதில் சலுகை கிடையாது. முதல் நாள் இரண்டாவது பந்திலேயே அவுட்டாகி, அரை மணி நேரம் அம்பயரோடு சண்டை போட்டான். ஒப்புக்கு ஆடுகிறவன் எதுக்கு சண்டை போடப் போகிறான்!

குட்டிப் பிள்ளைகளை ஒப்புக்குச் சேர்த்துக்கொள்கிற வழக்கம் மட்டும் போகவே கூடாது. அது இல்லாவிட்டால் என் தம்பி சாயங்காலம் முழுக்க டிவி முன்னாடிதான் கிடப்பான். ஆனால் அவனுக்கும் ஒரு கணக்கு வேணும். எங்க தெருவில் இப்போ ஆள் ஒற்றைப்படையாக வந்தால் அவன் 'காமன்'. இரண்டு பக்கமும் பேட்டிங் பிடிப்பான், ரன் அந்தந்தப் பக்கத்துக்குச் சேரும். ஒரே ஆட்டத்தில் இரண்டு தடவை பேட்டிங் கிடைப்பதால் இப்போ பெரிய பசங்களே "நான் காமன், நான் காமன்" என்று போட்டி போடுகிறார்கள்.

நெல்லிக்குப்பம், காடாம்புலியூர், புதுப்பேட்டை என்று பல ஊரிலிருந்து இங்கே படிக்க வருகிறீர்கள். ஜோடி கிடைக்காமல் மிச்சமாகிற ஆளை உங்க ஊரில் என்ன சொல்லிக் கூப்பிடுவீங்க? உடம்பைக் குத்திக்காட்டாத நல்ல பெயர் ஏதாவது இருந்தால் ஒரு துண்டுச் சீட்டில் எழுதி, சுவர் இதழுக்குக் கீழே இருக்கிற பெட்டியில் போடுங்க. ஊர்ப் பெயரையும் மறக்காமல் எழுதுங்க. வந்ததை எல்லாம் அடுத்த மாத இதழில் வரிசையாக எழுதி ஒட்டுகிறேன்.

– 9-ஆம் வகுப்பு, 'ஆ' பிரிவு