லூப்பில் சிக்காத கிருமிகள்

சிறுநீர் கல்ச்சர் ரிப்போர்ட்டில் "நோ குரோத்" என்று பார்த்ததும் பாதிப் பேருக்கு நிம்மதி, மீதிப் பேருக்குக் கோபம். "அப்ப எனக்கு எரியுறது என்ன மேடம், மனப்பிரமையா?" என்று கவுன்டரிலேயே கேட்டுவிடுவார்கள். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் சொல்ல, அந்த இரண்டு வார்த்தைகளை நாங்கள் எப்படி எழுதுகிறோம் என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனை லேபில் மைக்ரோபயாலஜி என் பொறுப்பு. காலையில் டப்பாக்கள் வந்ததும் பிளேட் போட உட்காருவோம். நுனியில் சின்ன வளையம் உள்ள கம்பிதான் லூப். அதைத் தீயில் சிவக்கக் காட்டி, ஆறவிட்டு, சிறுநீரில் தொட்டு எடுத்தால் வளையத்தில் நிற்பது ஒரு மில்லியில் ஆயிரத்தில் ஒரு பங்கு. அதைக் கிருமி வளர்க்கும் மெக்கான்கி அகார் பிளேட்டில் இழுத்து இன்குபேட்டருக்குள் வைப்போம். ஈ.கோலி இருந்தால் மறுநாள் காலை ரோஸ் நிறத்தில் பொட்டுப் பொட்டாகக் காலனிகள் நிற்கும். ஒரு காலனி இருந்தால் மில்லிக்கு ஆயிரம் கிருமி என்று கணக்கு. நூறு இருந்தால் ஒரு லட்சம். லட்சத்தைத் தொட்டால் இன்ஃபெக்ஷன் என்றுதான் கல்லூரியில் எல்லோரும் படித்தோம்.

அந்த லட்சம் 1950களில் வந்தது. பாஸ்டன் நகர மருத்துவமனையில் எட்வர்ட் காஸ், சிறுநீரகம் வரை தொற்று ஏறியவர்களின் சிறுநீரையும், வெளியே வரும் வழியில் சும்மா கிருமி ஒட்டிக்கொண்ட சிறுநீரையும் பிரித்தறிய ஒரு கோடு போட்டார். அந்தக் கோடு பிறகு எல்லா நீர்க்கடுப்புக்கும் பொதுவாகிப் போனது. டப்பா வந்து சேரும் விதத்திலும் கணக்கு மாறும். உசிலம்பட்டியிலிருந்து வெயிலில் பஸ் ஏறி வந்த சிறுநீரில், உள்ளே இருந்த கொஞ்சம் ஈ.கோலி வழியிலேயே பெருகியிருக்கும். சூடும் சத்தும் கிடைத்தால் இருபது நிமிடத்துக்கு ஒரு தரம் இரட்டிப்பாகும் ஜாதி அது. எடுத்த இரண்டு மணி நேரத்துக்குள் கொண்டுவாருங்கள், முடியாவிட்டால் ஃபிரிட்ஜில் வையுங்கள் என்று நாங்கள் தொண்டை வறளச் சொல்வது இதனால்தான்.

ஆரோக்கியமானவரின் சிறுநீர்ப்பையில் கிருமியே கிடையாது என்பது இதையெல்லாம் விடப் பழைய நம்பிக்கை, பாஸ்டர் காலத்தது. காற்றுப் படாமல் அடைத்த சிறுநீர் கலங்காமல் இருந்ததைப் பார்த்து வந்த முடிவு. மனித உடலின் நுண்ணுயிர்களைக் கணக்கெடுக்க 2007-இல் அமெரிக்காவில் பெரிய திட்டம் தொடங்கியபோதுகூட குடல், வாய், தோல் என்று போனார்களே தவிர, சிறுநீர்ப்பையை எட்டிப் பார்க்கவில்லை.

எட்டிப் பார்த்தவர்கள் சிகாகோ பக்கத்து லயோலா பல்கலைக்கழகத்தினர்: நுண்ணுயிரியலாளர் ஆலன் உல்ஃப், பெண்களின் சிறுநீர்ப்பை மருத்துவர் லிண்டா புரூபேக்கர், இன்னும் சிலர். வெளித்தோலில் உள்ளது கலந்துவிடக் கூடாதென்று கதீட்டர் வழியாகவும், அடிவயிற்றில் ஊசி குத்தி நேராகப் பையிலிருந்தும் சிறுநீர் எடுத்தார்கள். அதில் பாக்டீரியாக்களின் டிஎன்ஏ இருந்தது. இது 2012-இல். செத்த கிருமியின் டிஎன்ஏவாகவும் இருக்கலாமே என்ற கேள்வி வரத்தானே செய்யும்? அதனால் 2014-இல் வளர்த்தே காட்டினார்கள். நாங்கள் எடுப்பதைப் போல நூறு மடங்கு சிறுநீர், பலவித அகார், பிராணவாயு உள்ள சூழல், இல்லாத சூழல், கார்பன் டையாக்சைடு கூட்டிய சூழல், 48 மணி நேரப் பொறுமை. 65 பெண்களின் மாதிரிகளில் 52-இல் கிருமி வளர்ந்தது. வழக்கமான முறையில் பார்த்தபோது அந்த 52-இல் 48 "நோ குரோத்".

இந்த எண்ணைப் படித்த அன்று இன்குபேட்டரை ஒரு மாதிரியாகத்தான் பார்த்தேன்.

வளர்ந்தவற்றில் முன்னால் நின்றது லாக்டோபாசிலஸ். அடுத்து கொரினிபாக்டீரியம்; லேபில் தோல் கிருமி என்று ஒதுக்கிவிடும் ரகம். இவை ஏதோ வழிதவறி வந்தவை அல்ல, பெரும்பாலும் குடியிருப்பவைதான். யார் குடியிருக்கிறார்கள் என்பதில் விஷயம் இருக்கிறது. பாத்ரூம் போய்ச் சேர்வதற்குள் கசிந்துவிடும் பெண்களிடம் கார்ட்னெரெல்லா அதிகம். தொந்தரவு இல்லாதவர்களிடம் லாக்டோபாசிலஸ் கிறிஸ்பாட்டஸ். காரணமா, விளைவா என்பது இதை வைத்துத் தீராது. ஆனால் செயின்ட் லூயிஸில் எலிகளை வைத்து 2017-இல் பார்த்த ஒன்று என்னை யோசிக்க வைக்கிறது. கார்ட்னெரெல்லா பைக்குள் கொஞ்ச நேரம் வந்து போனாலே, பைச்சுவரின் செல்களுக்குள் பதுங்கிக் கிடந்த ஈ.கோலி எழுந்து வெளியே வந்தது. ஆன்டிபயாடிக் கோர்ஸ் முடித்து மாதம் திரும்புவதற்குள் மறுபடி எரிகிறதென்று வரும் பெண்களில் சிலருக்காவது பழைய கிருமியேதான் திரும்பி வருகிறதோ?

எரிச்சலோடு வந்து "நோ குரோத்" வாங்குபவர்களுக்கு நேர் எதிரான கூட்டமும் உண்டு. மாஸ்டர் செக்கப்பில் மில்லிக்கு லட்சம் கிருமி. எரிச்சல் இல்லை, காய்ச்சல் இல்லை, ஆனால் மாத்திரை வேண்டும். கர்ப்பிணியாக இருந்தால், அல்லது சிறுநீர்ப்பாதையில் அறுவை நடக்கப்போகிறது என்றால், அவசியம் வேண்டும். பெரும்பாலான மற்றவர்களுக்கு வேண்டாம் என்பதே இன்றைய வழிகாட்டுதல். ஸ்வீடனில் ஒரு பள்ளிச் சிறுமியின் பையில் ஒரு ஈ.கோலி மூன்று வருடம் எந்தத் தொல்லையும் தராமல் இருந்தது. 83972 என்று எண் கொடுத்து அதை வளர்த்து, அடிக்கடி தொற்று வரும் நோயாளிகளின் பைக்குள் மருத்துவர்களே குடிவைத்துப் பார்த்தார்கள், கெட்டது வராமல் காவல் இருக்கட்டும் என்று. அப்படிப்பட்ட ஒன்றைத்தான் நம் செக்கப்காரர் மாத்திரை போட்டு விரட்டத் துடிக்கிறாரோ என்னவோ!

மாதவிலக்கு நின்ற பெண்களுக்கு நான் விடாமல் சொல்வது ஒன்று. ஈஸ்ட்ரோஜன் குறைந்தால் பிறப்புறுப்பில் லாக்டோபாசிலஸ் குறையும். அந்த இடத்துக்கும் சிறுநீர்ப்பைக்கும் கிருமிப் போக்குவரத்து உண்டு. 1993-இல் வெளியான ஓர் ஆய்வில், உள்ளே தடவும் ஈஸ்ட்ரியால் கிரீம் போட்டவர்களுக்கு வருடத்துக்குச் சராசரியாக 0.5 தடவைதான் தொற்று வந்தது. வெறும் கிரீம் போட்டவர்களுக்கு 5.9 தடவை. இவ்வளவு வித்தியாசம் காட்டும் மருந்தைப் பற்றிக் கேட்க வெட்கப்பட்டுக்கொண்டு, ஆன்டிபயாடிக் மட்டும் வாங்கிப் போகிறார்கள். மகப்பேறு மருத்துவரிடம் வாய் திறந்து கேளுங்கள். மார்பகப் புற்றுநோய் வந்தவர் என்றால் அதையும் சொல்லிவிட்டுக் கேளுங்கள்.

சின்ன வயசுக்காரர்களுக்குத் தண்ணீர். குறைவாகக் குடித்து அடிக்கடி தொற்று வாங்கிய பெண்களைப் பல்கேரியாவில் தினம் ஒன்றரை லிட்டர் கூடுதலாகக் குடிக்க வைத்தார்கள். வருடத்துக்கு 3.2 ஆக இருக்க வேண்டிய தொற்று 1.7 ஆனது. ஜவுளிக்கடையில் நாள் முழுக்க நிற்கும் பெண்ணுக்கு இதைச் சொல்லும்போது அவள் சிரிக்கிறாள். "குடிச்சா எங்க மேடம் போறது?" கால் பெருவிரலில் சுண்ணாம்பு தடவுவதுதான் அவளுக்குத் தெரிந்த வைத்தியம்.

தயிர் சாப்பிட்டால் போதாதா என்று நிறையப் பேர் கேட்கிறார்கள். தயிரில் வளர்வது வேறு வகை. சியாட்டிலில் கிறிஸ்பாட்டஸையே மருந்தாக்கி, ஆன்டிபயாடிக் முடித்த பெண்களின் பிறப்புறுப்பில் வைத்துப் பார்த்தார்கள். அதில் 15 சதவீதம் பேருக்குத் தொற்று திரும்ப வந்தது. போலி மருந்து வைத்தவர்களில் 27 சதவீதம். சிறிய ஆய்வுதான், இரண்டு பக்கமும் சேர்த்து நூறு பெண்கள். தயிர் சாதத்தைத் தாராளமாகச் சாப்பிடுங்கள், ஆனால் இதற்காக வேண்டாம்.