ஜாமீன் போட்டவர் பத்திரம் எப்போது திரும்பும்?

திருப்பூரில் பனியன் ஜாப் ஒர்க் எடுப்பவர், கரூரில் நாலு தறி போட்டவர், சிவகாசியில் சின்னதாக அச்சகம் தொடங்கியவர் என்று யாருக்கு வங்கிக் கடன் கிடைத்தாலும் அதற்குப் பின்னால் ஒரு குடும்பப் பத்திரம் இருக்கும். பல நேரம் அது கடன் வாங்கியவருடையதாக இருக்காது. அக்காவின் வீடாகவோ மாமனாரின் மனையாகவோ இருக்கும். “சும்மா ஒரு கையெழுத்துதான், ஒரே வருஷத்துல பத்திரத்தை மீட்டுத் தந்துடறேன்” என்று சொல்லி வாங்கிப் போவார்கள். கடன் அடைந்த பிறகும் பத்திரம் வீடு திரும்பாதபோது சண்டை ஆரம்பிக்கிறது.

“அவர் பேரில் இன்னொரு கடன் நிலுவையில் இருக்கிறது”, “அவர் ஜாமீன் போட்ட வேறொரு கணக்கு வாராக்கடன் ஆகிவிட்டது.” வங்கியில் கிடைக்கும் பதில்கள் பெரும்பாலும் இவைதான். இதற்கு 1872-ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டம் 171-ஆம் பிரிவை எடுத்துக் காட்டுவார்கள். அந்தப் பிரிவு, வங்கியிடம் ஒப்படைத்த பொருட்களை மொத்த நிலுவைக்காகப் பிடித்துவைக்க அனுமதிக்கிறது. குறிப்பிட்ட ஒரு கடனுக்கென்று கொடுத்த வீட்டுப் பத்திரத்துக்கும் அது பொருந்துமா என்று கேட்டுத்தான் வழக்குகள் உயர் நீதிமன்றம் வரை போகின்றன. பொருந்தாது என்பதே நியாயம். எந்தக் கடனுக்குக் கொடுத்தோமோ, அந்தக் கடன் தீர்ந்ததும் பத்திரம் திரும்ப வேண்டும்.

ஜாமீன்தாரருக்குச் சட்டம் தரும் பாதுகாப்பு குறைவு. அதே ஒப்பந்தச் சட்டத்தின் 128-ஆம் பிரிவின்படி, ஒப்பந்தத்தில் வேறுவிதமாக எழுதாதவரை, கடன் வாங்கியவருக்கு உள்ள அதே பொறுப்பு அவருக்கும் உண்டு. முதலில் கடனாளியிடம் வசூலித்துப் பாருங்கள் என்று வங்கியைக் கட்டாயப்படுத்த முடியாது என 1969-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கடன் வாராக்கடனானால் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் வரும். அதற்குப் பிறகு வீட்டையே கையகப்படுத்தலாம்.

என் பெரிய கவலை பெண்கள் பேரில் உள்ள பத்திரங்களைப் பற்றியது. அண்ணனோ கணவனோ மகனோ கேட்கும்போது மறுப்பது சுலபமில்லை. ஜாமீன் படிவம் பக்கம் பக்கமாக ஆங்கிலத்தில் இருக்கும். ‘இப்போதுள்ள, இனி ஏற்படப்போகும் எல்லா நிலுவைக்கும்’ என்ற வரி அதற்குள் எங்கோ புதைந்திருக்கும். கேஷ் கிரெடிட் வருடாவருடம் புதுப்பிக்கப்படுகிறது, வரம்பும் ஏறுகிறது. 10 லட்சத்துக்கு ஜாமீன் போட்டவர், 25 லட்சத்துக்குத் தன் வீடு பிணையாக நிற்பதை நோட்டீஸ் வரும்போதுதான் தெரிந்துகொள்கிறார். அந்த உயர்வுக்கான சம்மதமும் அவர் படிக்காமல் கையெழுத்திட்ட அதே படிவத்தில் முன்கூட்டியே எழுதி வாங்கப்பட்டிருக்கும்.

பொதுமக்களின் பணத்தைக் கடனாகக் கொடுக்கும் வங்கிக்குப் பிணை வேண்டும்தான். ஆனால் குறு, சிறு தொழில்களுக்கு 10 லட்சம் ரூபாய் வரையிலான கடனுக்குச் சொத்துப் பிணை கேட்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2010-லேயே உத்தரவிட்டதையும் மறக்கக் கூடாது.

2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி ஒரு நல்ல உத்தரவு போட்டது. கடன் முழுதாக அடைந்த 30 நாளுக்குள் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும், வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். ஆனால் வீட்டுக் கடன், கல்விக் கடன் உள்ளிட்ட தனிநபர் கடன்களுக்குத்தான் அது பொருந்தும். குடும்பப் பத்திரங்கள் அதிகம் சிக்கிக்கிடக்கும் தொழில் கடன்கள் அதற்கு வெளியே நிற்கின்றன.

ஜாமீன் போடுமுன் தொகையின் உச்சவரம்பை எழுத்தில் கேளுங்கள். படிவத்தின் நகலையும், ஒப்படைத்த ஆவணங்களின் பட்டியலையும் வாங்கி வையுங்கள். தொடரும் ஜாமீனை இனி வரும் கடன்களைப் பொறுத்தவரை எழுத்துமூலம் அறிவித்து விலக்கிக்கொள்ள ஒப்பந்தச் சட்டத்தின் 130-ஆம் பிரிவு வழிவிடுகிறது. கடன் முடிந்ததும் சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி. (பத்திர ஒப்படைப்பு ஆவணம்) ரத்து ரசீதைப் பதிவுசெய்து, வில்லங்கச் சான்றைச் சரிபாருங்கள். புகார் கொடுத்து 30 நாளாகியும் வங்கி பதில் தராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரை அணுகலாம்.

இதையெல்லாம் ஜாமீன்தாரரின் சாமர்த்தியத்துக்கே விட்டுவிடக் கூடாது. பத்திரத்தைத் திருப்பித் தரும் அந்த 30 நாள் விதியைத் தொழில் கடன்களுக்கும் விரிவுபடுத்த வேண்டும். ஜாமீன் படிவத்தைத் தமிழில் அச்சிட்டு, வாசித்துக் காட்டிய பிறகே கையெழுத்து வாங்க வேண்டும். கடன் வரம்பு உயரும் ஒவ்வொரு முறையும் பத்திரத்துக்கு உரியவரைக் கேட்க வேண்டும்.